இரண்டாம் அடுக்கு பற்றவில்லை

தார்ப்பாயைத் தூக்கிப் பார்த்தவளுக்கு ஒரு கணம் ஒன்றும் ஓடவில்லை. அவளுடைய எஞ்சின். அவள் கையால் பொறித்த எண், போன மாதம் ஸ்பேனர் நழுவி விழுந்த கீறல், எல்லாம் அப்படியே இருந்தன. இந்நேரம் இது ஏவுதளத்தில், ராக்கெட்டுக்குள் இருக்க வேண்டும். ராக்கெட் கிளம்ப இரண்டு மணி நேரம்தான் பாக்கி. ஒரு கேபிள் எடுக்கத்தான் பட்டறைக்கு வந்திருந்தாள்.

"என்ன மாடிவீட்டம்மா, இங்க நிக்கிறீங்க?" என்றார் கிரேன் ஓட்டுபவர். ராக்கெட்டின் மேல் அடுக்கைச் செய்பவள் என்பதால் அவளுக்கு அந்தப் பெயர்.

"அண்ணே, இது எப்படி இங்க வந்துச்சு?"

"நான்தான் இறக்கினேன். நீங்க அக்கா பிரசவத்துக்குப் போயிருந்தீங்களே, அப்ப. பதிலுக்கு அதே எடையில ஒரு இரும்புக் கட்டைய ஏத்தியாச்சு." அவள் முகத்தைப் பார்த்ததும் அவர் குரல் இறங்கியது. "உங்களுக்குத் தெரியும்னு சொன்னாங்களேம்மா..."

முதலாளி தன் அறையில் டையைச் சரிசெய்துகொண்டிருந்தார். அவளைக் கண்டதும் எழுந்து கதவைச் சாத்தினார்.

"கத்தாத. பாத்துட்டேன்னு தெரியுது. மானிய ஒப்பந்தத்த எடுத்துப் படி. மாசக் கடைசிக்குள்ள ராக்கெட் தளத்த விட்டு எழும்பினா அரசாங்கம் அடுத்த தவணையக் குடுக்கும். அது விண்வெளிக்குப் போகணும்னு ஒரு வரி இருந்தா காட்டு பாப்போம். உன் எஞ்சின் ஏழு சோதனையில ரெண்டுல பத்தல. இருக்கிறதே அது ஒண்ணு. கடல்ல போட்டுட்டு அடுத்த வருஷம் எத வெச்சுப் பறக்கிறது?"

"பாக்க வந்திருக்கிற விருந்தாளிங்ககிட்ட என்ன சொல்லப் போறீங்க?"

"நான் எங்க சொல்றேன்? ரெண்டாம் அடுக்கு நிலவரத்த மைக்ல அறிவிக்கிறவ நீதான. 'இரண்டாம் அடுக்கு பற்றவில்லை.' அவ்வளவுதான். புதுக் கம்பெனிக்கு மொத தடவ இதெல்லாம் சகஜம்னு கை தட்டிட்டுப் போயிடுவாங்க."

நான்கு வருட உழைப்பு. ஏறவே ஏறாத எஞ்சின் மேல் பழி. அதையும் அவள் வாயாலேயே சொல்ல வேண்டும். அவளுக்குக் கோபம்கூட வரவில்லை.

"அறுபது பேர் வயித்துப்பாடு, ஞாபகம் வெச்சுக்கோ" என்றார் முதலாளி.

ராக்கெட் எழும்பியது. அழகாகத்தான் எழும்பியது. கட்டுப்பாட்டு அறைக் கண்ணாடிக்கு அப்பால் விருந்தினர்கள் ஆரவாரம் செய்தார்கள். முதல் அடுக்கு எரிந்து முடிந்து கழன்றது. இனி மேலே இருக்கும் இரண்டாம் அடுக்கு பற்ற வேண்டும். எல்லாக் கண்களும் அவள் பக்கம் திரும்பின.

மானியத் துறை அதிகாரி படிவமும் பேனாவுமாக அவள் நாற்காலியை ஒட்டி நின்றிருந்தார். இவருக்காவது தெரியட்டும் என்று அவள் குனிந்து சொன்னாள்: "சார், மேல எஞ்சினே இல்ல. வெறும் கட்டை."

அதிகாரி படிவத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "தெரியும்மா. எழும்புச்சா, எழும்பலயா, அதான் இதுல கேள்வி. எழும்பிடுச்சு."

கண்ணாடிக்கு அப்பாலிருந்து முதலாளி, சொல்லு என்று சைகை காட்டினார். அவள் மைக்கின் பொத்தானை அழுத்தினாள்.

"இரண்டாம் அடுக்கில் எஞ்சின் இல்லை" என்றாள். "அது பட்டறையில் இருக்கிறது. வைத்தது இரும்புக் கட்டை."

பழக்கதோஷத்தில் சிலர் கை தட்டிவிட்டார்கள்.