நாட்டுத் தாருக்கு மைனஸ் விலை

செந்தூர்பாண்டி யாரையும் நம்பமாட்டார். தராசு முள்ளையும் நம்பமாட்டார், தராசு பிடிக்கிறவனையும் நம்பமாட்டார். அப்பேர்ப்பட்ட மனுசன், ஆவுடைநாயகம் அண்ணாச்சியின் வாழைக்காய் மண்டியில் பத்து ஏத்தன் வாழைத்தாரும் இருபது நாட்டுத் தாரும் இறக்கிவிட்டு, 'மொத்தம் ஒன்பதாயிரம்' என்று எழுதிய துண்டுச் சீட்டோடு பேசாமல் வீட்டுக்கு வந்துவிட்டார்.

மண்டி வழக்கம் அது. அண்ணாச்சியும் வியாபாரிகளும் கையைத் துண்டால் மூடிக்கொண்டு விரலைப் பிடித்து விலை பேசுவார்கள். வெளியே சொல்வது மொத்தத் தொகை மட்டும்தான். ஏத்தனுக்கு எவ்வளவு, நாட்டுக்கு எவ்வளவு என்று கேட்டால், "உமக்கு மட்டும்தான்வே இந்த விலை. வெளிய மூச்சு விட்டுராதேரும்" என்று அண்ணாச்சி முதுகில் தட்டி அனுப்பிவிடுவார்.

பொங்கலுக்கு வெட்ட இருநூறு தார் வயலில் நிற்கிறது. ஒரு வருசப் பாடு. அதையும் தனக்கே தருவதாகச் சாயங்காலத்துக்குள் வாக்குச் சொல்லவேண்டும் என்று அண்ணாச்சி கேட்டிருந்தார். தார் விலை தெரியாமல் என்னவென்று வாக்குச் சொல்வது? சீட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அது ஒன்றும் சொல்லவில்லை.

"ஒத்தச் சீட்டை வச்சு ரெண்டு விலை தெரியாதுங்க" என்றாள் பெஞ்சாதி செல்லக்கிளி. "இன்னொருத்தர் சீட்டும் வேணும். அதுல தார் எண்ணிக்கை வேற மாதிரி இருக்கணும்."

"இது எந்தூருச் சட்டம்?"

செல்லக்கிளி பள்ளிக்கூடத்துச் சத்துணவு அமைப்பாளர். அடுப்படிக்கும் ஒன்பதாம் வகுப்புக்கும் நடுவில் ஒரே ஒரு சுவர். "இருவத்திரண்டு வருசமா சுவத்துக்கு இங்கன இருந்து கேக்கேன். மூணு பேனா ரெண்டு நோட்டு இவ்வளவு, ஒரு பேனா நாலு நோட்டு இவ்வளவு, பேனா என்ன விலைன்னு டீச்சர் கேப்பாங்க."

"விலை கேக்காம எவம்ட்டீ பேனா வாங்குவான்? கிறுக்குப்பய கணக்கால்லா இருக்கு."

"விலை கேக்காமத்தான தாரை வித்துட்டு வந்திருக்கிய?"

செந்தூர்பாண்டி சீட்டை மடித்துச் சட்டைப் பையில் வைத்தார்.

அன்றைக்கு அதே மண்டியில் தார் இறக்கிய இன்னொருவர் செல்லக்கிளியின் அண்ணன் சங்கிலிபூதத்தான். மச்சானும் மாப்பிள்ளையும் பேசி ஒன்பது வருசம். இரண்டு வாழைக்கன்று காணாமல் போனதற்கு, "உம்ம வயல்லதான் நிக்கும்" என்று செந்தூர்பாண்டி சொன்ன ஒரு சொல்தான் காரணம். அவர் சீட்டா? அதற்குப் பேசாமல் பட்டினி கிடக்கலாம். ஆனால் இருநூறு தார் கண் முன்னால் நிற்கிறதே. சைக்கிளை எடுத்தார்.

சங்கிலிபூதத்தான் வாய்க்காலில் மடை திறந்துகொண்டிருந்தார். நிமிர்ந்து பார்த்தார்.

"என்ன மாப்ளே, வழி தப்பிட்டீரா?"

"உம்ம சீட்டைக் காட்டும்."

"ஒம்பது வருசங்கழிச்சு மொத வார்த்தை இதுவா? நீரு மொதல்ல காட்டும்."

"நான் எதுக்குவே காட்டணும்? நீரு காட்டும்."

கடைசியில் இரண்டு பேரும் சீட்டை வரப்பில் கவிழ்த்து வைத்து, ஒன்று இரண்டு மூன்று எண்ணி ஒரே நேரத்தில் திருப்பினார்கள். சங்கிலிபூதத்தான் சீட்டில் இருபது ஏத்தன், முப்பது நாடு, இருபத்திரண்டாயிரத்து ஐநூறு. சீட்டை அடுத்தவர் கையில் கொடுத்துவிட இரண்டு பேருக்கும் மனசில்லை. அதனால் சங்கிலிபூதத்தானும் கூடவே கிளம்பினார். ஒன்பது வருசத்துக்குப் பிறகு அண்ணன் வாசல்படி ஏறுவதைப் பார்த்த செல்லக்கிளிக்குக் கண் கலங்கிவிட்டது. ஆனாலும் காப்பி போடப் போகாமல் முதலில் காலண்டர் தாளைக் கிழித்தாள்.

"ரெண்டுலயும் ஏத்தன் ஒண்ணு போல வரணும். இவுக கணக்கை ரெட்டிப்பாக்கினா இருவது ஏத்தன், நாப்பது நாடு, பதினெட்டாயிரம். அண்ணனும் இருவது ஏத்தன்தான். நாடு பத்து கம்மி. ஆனா ரூவா…" பேனா நின்றது. வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

"என்னட்டீ?"

"பத்துத் தார் கொறையக் கொறைய நாலாயிரத்தைந்நூறு ரூவா கூடுது. அப்படின்னா நாட்டுத் தாரு ஒண்ணுக்கு மைனஸ் நானூத்தம்பது."

"மைனஸுன்னா?"

"தாரையும் குடுத்து, தாருக்கு நானூத்தம்பது ரூவா நீங்களே அண்ணாச்சிக்குக் கட்டணும்."

சங்கிலிபூதத்தான் விழுந்து விழுந்து சிரித்தார். செந்தூர்பாண்டிக்குச் சுர்ரென்று ஏறியது. "உம்ம சீட்டு கள்ளச் சீட்டு!"

"கையெழுத்தைப் பாருங்க, ரெண்டும் அண்ணாச்சிதான்" என்றாள் செல்லக்கிளி. "ரெண்டு பேருக்கும் ஒரே விலைன்னாத்தான் இந்தக் கணக்கு செல்லும். உங்களுக்கு ஒரு விலை, அண்ணனுக்கு ஒரு விலை."

"உமக்கு மட்டும்தான்னு சொன்னாரே!" என்றார் செந்தூர்பாண்டி.

"எனக்கும் அதையேதான் சொன்னாரு" என்றார் சங்கிலிபூதத்தான்.

இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள்.

மச்சான் பைக்கில் மாப்பிள்ளை பின்னால் உட்கார்ந்து மண்டி வாசலில் வந்து இறங்கியதும் ஆவுடைநாயகம் அண்ணாச்சி எழுந்தே நின்றுவிட்டார். மேசைமேல் இரண்டு சீட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார்கள். அண்ணாச்சி தலையைச் சொறிந்தார்.

"நீங்க ரெண்டு பேரும் சென்மத்துக்கும் பேசிக்கிட மாட்டியன்னு நம்பில்லாவே இருந்தேன்."

"துண்டை எடும் அண்ணாச்சி. வாயால சொல்லும்" என்றார் செந்தூர்பாண்டி.

"ஏத்தன் அறுநூறு. நாடு முன்னூத்தம்பது. போதுமா?"

செந்தூர்பாண்டி உடனே செல்லக்கிளிக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தார். அண்ணன் சீட்டுக்கு அந்த விலை அச்சாகப் பொருந்தியது. செந்தூர்பாண்டிக்குப் பதின்மூவாயிரம் வரவேண்டும். பாக்கி நாலாயிரத்தை அண்ணாச்சி எண்ணிக் கொடுத்தார். செந்தூர்பாண்டி இரண்டு தரம் எண்ணினார். பிறகு மச்சானிடம் கொடுத்து ஒரு தரம் எண்ணச் சொன்னார். பொங்கல் தாருக்கு ஏத்தன் விலை தனி, நாட்டு விலை தனி என்று எழுதி வாங்கிக்கொண்டுதான் வாக்குச் சொன்னார்.

அதற்குள் மேசையைச் சுற்றிச் சீட்டும் கையுமாக மற்ற விவசாயிகள் கூட்டம். "யக்கா, நான் மைதீன். பாஞ்சு ஏத்தன், பத்து நாடு…" என்று ஒருவர் போனுக்குள் கத்தினார். தேவசிகாமணி தன் சீட்டை நீட்டிக்கொண்டு முண்டினார்.

"முண்டாம வரிசையா வாங்க அண்ணாச்சிமாரே" என்றது செல்லக்கிளியின் குரல். "முட்டைக்கு நிக்குத பிள்ளைய உங்களைவிடத் தேவல!"

மண்டியே சிரித்தது.

"பாண்டி, அந்தப் போனை அமத்தும்வே!" என்று ஆவுடைநாயகம் கெஞ்சினார்.

செந்தூர்பாண்டி போனின் சத்தத்தைக் கூட்டி வைத்தார்.