தொகாஷியின் கைச்சத்தம்

பெரிய அணியில் பதினான்கு வருடம் சம்பளம் வாங்கியும் ஒரே ஒரு ஆட்டத்தைக்கூட முதல் பந்திலிருந்து ஆடாதவன் தொகாஷி. பேஸ்பாலில் அவன் இரண்டாவது கேட்சர். முகமூடி மாட்டி, வீச்சாளனுக்கு எதிரே குந்தி உட்கார்ந்து, மட்டைக்குத் தப்பி வரும் பந்தைப் பிடிக்கிற வேலை. முதல் கேட்சர் நல்லபடியாக இருக்கும்வரை இரண்டாமவனுக்குப் பெஞ்சுதான். பத்து ஓட்டம் பின்தங்கி, ஜனங்கள் ரயிலைப் பிடிக்கக் கிளம்பிய பிறகு, "போய் உக்காருடா" என்று அனுப்புவார்கள். அப்படி அறுபத்தோரு தடவை போயிருக்கிறான்.

பிறகு எதற்கு வைத்திருக்கிறார்கள் என்றால், அவன் இடது கைக்காக. வேலி ஓரத்துத் தகரக் கொட்டகையில் வீச்சாளர்கள் கை சூடேற்றும்போது எதிரே அவன்தான் உட்காருவான். பந்தைக் கையுறையின் குழியில், சரியான இடத்தில் வாங்குவான். வெடி போட்ட மாதிரி சத்தம் வரும். கூடவே "நல்ல பந்து!" என்று ஒரு கத்தல். சொத்தைப் பந்து போட்டவனும் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு மைதானத்துக்குள் போவான். வீச்சாளர்கள் என்ற ஜாதியே அப்படி, புகழ்ச்சி காதில் விழாவிட்டால் தோள் தூக்காது.

வடக்கே ஒரு அணி, முதல் கேட்சராக வைத்துக்கொள்கிறோம் என்று அவனை இரண்டு தடவை கேட்டது. நிர்வாகம் இரண்டு தடவையும் விடமாட்டோம் என்றுவிட்டது. "நீ போயிட்டா எங்க ஆளுங்களுக்கு யாருடா சூடேத்துறது?" என்று சிரித்தார் பயிற்சியாளர் ஹட்டா. தொகாஷியும் சிரித்து வைத்தான்.  கெட்டிக்காரத்தனத்துக்குக் கிடைத்த பரிசு, அந்தக் கொட்டகையை விட்டு நகர முடியாமல் போனதுதான்.

முப்பத்தாறாவது வயதில், செப்டம்பர் கடைசி ஞாயிறு, முதல் கேட்சரின் கட்டைவிரல் பிசகியது.

"இன்னிக்கு நீதான். முராமாட்சு வீசுறான்" என்றார் ஹட்டா. "நல்லா பண்ணினா மிச்சம் இருக்கிற ஒன்பது ஆட்டமும் உனக்குத்தான். வடக்குலயிருந்தும் ஆள் வந்திருக்கான். இந்தத் தடவை கேட்டா விட்டுடலாம்னு ஆபீஸ்ல பேச்சு."

அவன் மனைவி சியே, கடையில் லீவு சொல்லிவிட்டு மூன்றாவது வரிசையில் வந்து உட்கார்ந்தாள். கல்யாணமாகி ஒன்பது வருடத்தில், அவன் முதல் பந்துக்குக் குந்துவதை அவள் பார்த்ததில்லை.

ஆனால் கொட்டகையில் முராமாட்சுவின் முதல் பந்தை வாங்கியதுமே தொகாஷிக்குத் தெரிந்துவிட்டது. பந்தில் உயிரே இல்லை. முராமாட்சுவுக்கு முப்பத்தெட்டு வயது. ஒரு காலத்தில் ஊரே கையெடுத்துக் கும்பிட்ட வீச்சாளர். மூன்று வருடமாகவே பந்து இளைத்துக்கொண்டு வந்தது. தொகாஷியின் கைதான் அதற்குச் சத்தம் பூசிக் காப்பாற்றியது. இன்று பூசுவதற்கும் ஒன்றும் மிச்சமில்லை.

ஹட்டா கம்பி வலைக்கு அந்தப் பக்கம் வந்து நின்றார். "எப்படி வருது? உள்ளதச் சொல்லு. சரியில்லேன்னா ஷிமோடாவை இறக்கிடறேன்."

இன்னொரு வீச்சாளனான ஷிமோடா வீசினால், கல்லூரியிலிருந்து கூடவே வரும் அவனுடைய கேட்சர்தான் குந்துவான். அது அணியில் எல்லோருக்கும் தெரிந்த ஏற்பாடு. உண்மையைச் சொன்னால் தொகாஷி பெஞ்சுக்குப் போகவேண்டும். பொய் சொன்னால் முராமாட்சுவைச் சந்தியில் நிறுத்தவேண்டும்.

"ஜோரா வருது சார்" என்றான்.

அடுத்த பந்தை வாங்கியபோது எப்போதும் இல்லாத சத்தம் வந்தது. ஹட்டா திருப்தியாகத் தலையாட்டிவிட்டுப் போனார்.

ஆட்டம் தொடங்கியது. ஊதுகொம்பும் மேளமுமாக முப்பதாயிரம் பேர் கத்தியதில் கையுறைச் சத்தம் அவனுக்கே கேட்கவில்லை. முதல் மூன்று பேரும் அடித்தார்கள். ஓட்டம் எடுக்கக் கடக்கவேண்டிய மூன்று தளத்திலும் ஒவ்வொரு எதிராளி நின்றான். தொகாஷி முகமூடியைத் தூக்கிக்கொண்டு வீச்சு மேட்டுக்கு ஓடினான்.

"நல்லாத்தாண்ணே வருது. கொஞ்சம் கீழ போடுங்க, போதும்."

"வாயை மறைச்சுப் பேசுடா, எதிர் பெஞ்சுல உதட்டைப் படிச்சுருவானுங்க." முராமாட்சு கையுறையை வாய்க்கு நேரே பிடித்தார். "பந்து செத்துப்போச்சு. மூணு வருஷமா எனக்குத் தெரியும்."

"தெரிஞ்சேவா வீசினீங்க?"

"உன் சத்தம் கேட்டா ஒரு தைரியம் வரும். ஒரு மணி நேரம் தாங்கும். அதை வச்சே ஓட்டிட்டேன்." அவர் கண்ணைத் தாழ்த்தினார். "வடக்குல உன்னைக் கேட்டாங்கள்ல? விடாதீங்கன்னு ஆபீஸ்ல போய் நின்னது நான்தாண்டா. ரெண்டு தடவையும்."

 தொகாஷிக்கு இந்த ஆளின் சட்டையைப் பிடித்து உலுக்கவேண்டும் போலிருந்தது. முப்பதாயிரம் பேர் பார்க்கிறார்கள், சியே பார்க்கிறாள். நடுவர் வேறு, பேசியது போதும் என்று மேட்டை நோக்கி நடந்து வந்துகொண்டிருந்தார். கோபத்தோடு கூடவே இன்னொன்றும் வந்தது: அரைமணி நேரத்துக்கு முன் தானும் இவரை விற்றுவிட்டுத்தானே இங்கே வந்து நிற்கிறோம்?

"என்னண்ணே இப்படிப் பண்ணிட்டீங்க" என்று மட்டும் சொன்னான். 

"நீ ஹட்டாகிட்ட என்ன சொன்னே?"

தொகாஷி முகமூடியை இறக்கிக்கொண்டு திரும்பி ஓடினான்.

அடுத்த பந்து வேலியைத் தாண்டிக் கூட்டத்துக்குள் விழுந்தது. தளங்களில் நின்ற மூன்று பேரும் அடித்தவனும் ஓடி வந்து நான்கு ஓட்டம். ஹட்டா எழுந்து வந்து நடுவரிடம் இரண்டு விரலைக் காட்டினார். ஷிமோடாவும் அவனுடைய கேட்சரும் உள்ளே வந்தார்கள். தொகாஷியின் ஆட்டம் மொத்தம் பதினொரு பந்து. வெளியேறும்போது மூன்றாவது வரிசைப் பக்கம் அவன் தலையைத் திருப்பவில்லை.

ஹட்டா திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. "ஜோரா வருதுன்னியேடா" என்றார். பிறகு, "ஷிமோடா எவ்வளவு தாங்குவான்னு தெரியல. கொட்டகைக்குப் போ. இஷிபேக்குச் சூடேத்து."

இஷிபே இந்த வருடம் சேர்ந்த இடதுகை வீச்சாளன். அவன் பந்தில் உயிர் இருந்தது. தொகாஷி குந்தி உட்கார்ந்தான். இந்தக் கை இனி ஒருவனுக்கும் பொய் சொல்லாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு, பந்தைக் குழியில் வாங்காமல் உள்ளங்கையில் வாங்கினான். சொத்தென்று விழுந்தது. எலும்புவரை வலித்தது. இன்னொன்றையும் அப்படியே வாங்கினான்.

இஷிபேயின் முகம் செத்துவிட்டது. தன் விரல்களைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தான். "அண்ணே, இன்னிக்கு எனக்குப் பந்து வரலையா?"

நல்ல பந்து. உண்மையாகவே நல்ல பந்து. அதைச் சொத்தையென்று அவனை நம்பவைக்கத் தொகாஷிக்கு மனசு வரவில்லை. அடுத்ததை எப்போதும் வாங்கும் இடத்தில் வாங்கினான். தகரக் கூரை அதிர்ந்தது.

"நல்ல பந்து!" என்று கத்தினான்.

இஷிபே பல்லெல்லாம் தெரியச் சிரித்தான். "அடுத்த வருஷமும் நீங்கதாண்ணே எனக்கு வேணும். ஆபீஸ்ல சொல்லி வைக்கிறேன்" என்றான், பெரிய உபகாரம் செய்கிறவனாக.

தொகாஷி பந்தைத் திருப்பி எறிந்துவிட்டு, அடுத்ததற்குக் கையை நீட்டினான்.