வெர்னா வீட்டு சோபா

அமெரிக்காவின் மேய்ன் மாநிலக் கடற்கரையில் அந்த வைக்கோல் கொட்டகை கோடைக்கு மட்டும் நாடகக் கொட்டகையாகும். வாரம் ஒரு நாடகம். மேடைச் சாமான்களெல்லாம் ஊரார் வீட்டு இரவல்தான். கொடுத்தவர்களுக்கு முதல்நாள் முன்வரிசையில் ஓசி இருக்கை.

இந்த வாரம் வெர்னா வீட்டு சோபா. வேட்டைக்காரனாக நடித்த வென்டல் குண்டடிபட்டு அதில் விழுந்தான், சேற்றுப் பூட்ஸோடு.

"அடேய், பூட்ஸைக் கழட்டுடா! உங்கப்பன் வீட்டு சோபாவா அது?" முன்வரிசையிலிருந்து வெர்னா கத்தினாள்.

செத்தவன் என்ன செய்வான்? எழுந்து உட்கார்ந்து பூட்ஸைக் கழற்றினான். "மன்னிச்சுக்கோங்கம்மா" என்று சொல்லிவிட்டு மறுபடியும் செத்தான். கொட்டகையே சிரிப்பில் குலுங்கியது.

மறுநாள் வெர்னா வரவில்லை. வென்டல் ஒழுங்காக ஒரே தடவை செத்தான். சனங்கள் கொட்டாவி விட்டார்கள். "நேத்து செத்தியே, அதுதான்டா சாவு!" என்று கடுகடுத்தாள் இயக்குநர் லோர்னா.

காலையில் வென்டல் பூட்ஸும் கையுமாக வெர்னா வீட்டு வாசலில் நின்றான். "இன்னைக்கும் வந்து திட்டுங்கம்மா. தினமும் ஓசி இருக்கை."

வெர்னா பூட்ஸை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"இவ்வளவு சுத்தமா இருந்தா எனக்கு எப்படிடா கோபம் வரும்? தோட்டத்துல சேறு கிடக்கு, நல்லா மிதிச்சிட்டுப் போ."