அரையடி விலகியவர்

கதிரவன் தலைகாட்டுமுன்னரே விழித்துக்கொள்ளும் நகரொன்று உண்டு, அன்பரே! அதன் அரண்மனைகளுக்குப் பின்சுவர் கிடையாது. அறமன்றங்களின் தூண்கள் அட்டையால் ஆனவை. முற்பகலில் மாண்டவர் உச்சிவேளையில் எழுந்து வரிசையில் நின்று சோறு வாங்குவார். படப்பிடிப்புக் கூடங்கள் நெருக்கியடித்து நிற்கும் அந்நகரின் வாயிலுக்கு, மடிப்புக் கலையாத சட்டையணிந்து, பையில் மூக்குக்கண்ணாடிகள் நான்கு சுமந்து, நாள்தோறும் முதல் ஆளாய் வந்து சேர்வார் நம் துணைநடிகர். ஒன்று மருத்துவருக்கு, ஒன்று நீதிபதிக்கு, ஒன்று பெண்ணைப் பெற்றவருக்கு, நான்காவது, எதற்கும் இருக்கட்டுமே என்று.

முப்பத்தோராண்டுகள்! வெள்ளித்திரையிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் அவர் மருத்துவராய்க் கைவிரித்த நோயாளிகளைக் கணக்கிட்டால் ஓர் ஊரே காலியாகிவிடும். ஆயினும் அவருடைய மெய்யான கலை வேறு. நாயகர் முகத்தில் தம் நிழல் விழுமென்று தோன்றிய கணமே, எவரும் சொல்லாமல், பேச்சும் பார்வையும் இம்மியும் பிசகாமல், அரையடி பின்வாங்கி ஒளிக்கு வழிவிடுவார். ஒளிப்பதிவாளர்கள் அவருக்கு 'அரையடி' என்றே அன்போடு பெயர் சூட்டியிருந்தனர்.

அவர் மனைவியோ, "அதோ அந்தத் தோளு, எங்க வீட்டுக்காரரோடது!" என்று அக்கம்பக்கத்தாருக்குத் திரையைச் சுட்டிக்காட்டியே காலம் கழித்தவர். "ஒரே ஒரு தடவை உங்க முகம் முழுசா வரணும்ங்க. திரை கொள்ளாம வரணும்" என்பதே அவ்வம்மையாரின் தீராத ஆசை.

அவ்வாசைக்கும் ஒருநாள் வேளை வந்தது. வீட்டைவிட்டுத் துரத்திய மகளிடம் தந்தை மன்னிப்பு வேண்டும் காட்சி. ஒரு முழுப்பக்க உரை. வாடகைக்கு எடுத்த பழைய வீட்டில் அன்றே கடைசி நாள். மகளாக நடித்த நாயகியின் முகத்தை முதலில் எடுத்தனர். படக்கருவியின் அருகே நின்று நம்மவர் உரை முழுவதும் பேசிக்கொடுத்தார். பின்னர் அவர் முறை. சன்னலில் மாலை வெயில் சாய்ந்துகொண்டிருந்தது.

"அண்ணே, வெயில் இன்னும் அஞ்சு நிமிஷம்தான் நிக்கும். ஒரே டேக். நின்ன எடத்தவிட்டு அசையாதீங்க" என்றார் ஒளிப்பதிவாளர்.

"அசைய மாட்டேன் தம்பி."

பேசினார். சுவரோரம் கயிறு சுற்றிக்கொண்டிருந்தவர்கள்கூடக் கைவேலை மறந்து நின்றனர். எதிரே, படக்கருவிக்கு அப்பால் நின்ற நாயகி உண்மையாகவே அழுதாள். அழுத அம்முகத்தில் தம் நிழல் படிந்திருக்கக் கண்டார் அவர். மனம் அறியுமுன் கால் அறிந்தது. அரையடி பின்வாங்கினார். அப்போது எவரும் படமெடுக்காத அவள் முகத்தில் வெயில் பொழிய, படமாகிக்கொண்டிருந்த அவர் முகம் இருளில் மூழ்கிற்று.

"ஐயோ அண்ணே, என்ன பண்ணிட்டீங்க!"

"முப்பத்தோரு வருஷப் பழக்கம் தம்பி" என்று தம் கால்களையே பார்த்து நின்றார். வெயில் போய்விட்டது.

மனைவியிடம் இதைச் சொல்ல அவருக்கு நா எழவில்லை. படம் வெளிவந்த அன்று, முதற்பகற்காட்சியில் அம்மையார் இருக்கையின் நுனியில் அமர்ந்திருந்தார். அக்காட்சி வந்தது. திரை நிறைய நாயகியின் முகம். கேட்டதோ நம்மவர் குரல். ஒவ்வொரு சொல்லுக்கும் அம்முகம் இறுகிற்று, துடித்தது, நெகிழ்ந்தது, உடைந்தது. நூற்றுக்கணக்கானோர் நிறைந்த அரங்கில் ஒரு தும்மல் இல்லை. பின்வரிசையில் யாரோ விம்மினார்.

"முகம் வரலம்மா. என் தப்புதான்" என்றார் அருகிலிருந்த நம்மவர், கூனிக்குறுகி.

அம்மையார் திரையினின்றும் கண்ணெடுக்கவில்லை. "உங்க முகத்த நான் தெனமும் பாக்குறேங்க. அதப் பாத்தா மத்தவங்களுக்கு என்ன ஆகும்னு இன்னிக்குத்தான் பாத்தேன்."

காட்சி முடிந்து விளக்குகள் எரிந்தன, அன்பரே! கூட்டம் எழுந்து வெளியேற, அப்பெருமகனார் வழக்கம்போல் அரையடி ஒதுங்கி வழிவிட்டார். அம்மையார் அவர் கையை இறுகப் பற்றி, வெளிச்சமிருந்த நடுவழியே அழைத்துச் சென்றார்.