சீவாத ஓரம்

எங்கள் சபையில் சேரும்போது ஓர் உறுதிமொழி எடுக்க வேண்டும்: பனிக்கட்டியில் இருக்கும் ஒலியை நமக்காகக் கேட்பதில்லை. ஒரு கட்டி ஒரு முறைதான் உருகும். அது உரியவர்களுக்கு.

இந்த ஊரில் குரலையும் இசையையும் காத்துவைக்கப் பனிக்கட்டியை விட்டால் வேறு வழி கிடையாது. தண்ணீர்த் தொட்டிக்கு முன்னால் நின்று பாடுவார்கள். நீர் ஓரத்திலிருந்து நடுவை நோக்கி உறையும். ஒலியும் அதே வரிசையில் படியும், உருகும்போது அதே வரிசையில் வெளியே வரும். தண்ணீரை இரண்டு முறை கொதிக்க வைத்திருக்க வேண்டும். இல்லையென்றால் அதில் கரைந்திருக்கும் காற்று நடுவில் குமிழிகளாக ஒதுங்கி, கட்டி வெள்ளை வெளேரென்று ஆகிவிடும். அங்கே எந்த ஒலியும் நிற்காது. அதனால் தொட்டியை நிரப்புகிறவர் அடுப்படி ஆளிடம் “ரெண்டாம் கொதியா?” என்று கேட்டுத்தான் தண்ணீர் வாங்க வேண்டும்.

ஆறு வருடங்களுக்கு முன், சேர்ந்த முதல் வாரத்தில், ஒரு நாள் நான் கேட்கவில்லை. இயற்பியல் பட்டம் வாங்கியவள், காரணம் தெரியாமல் இல்லை. முன்பின் தெரியாத ஆளிடம் வாய் திறக்கக் கூச்சம். உறைந்த கட்டி தொட்டியோடு சீவும் அறைக்குப் போய், அங்கிருந்து சாக்கில் சுற்றிக் குளிரறைக்குப் போய்விடும். ஒன்றும் ஆகவில்லை என்றே நினைத்திருந்தேன்.

இன்று காலை அந்தச் சாக்கைப் பிரித்தேன். நடுவெல்லாம் வெள்ளை. சாக்கில் செருகியிருந்த சீட்டில் என் கையெழுத்து.

எதிர் பெஞ்சில் ஒரு பஸ் டிரைவரும் அவர் மகளும் உட்கார்ந்திருந்தார்கள். பாடியவர் அவருடைய மனைவி. மகளைப் பெற்ற அன்றே இறந்துவிட்டார். மகள் அம்மாவின் குரலைக் கேட்டதே இல்லை. அவளுக்கு விவரம் தெரியட்டும் என்று ஆறு வருடம் காத்திருந்தாராம்.

“அப்பா, அம்மா என்னைக் கூப்பிடுவாங்களா?”

“பாடுவாங்க. அப்போ நீ பொறக்கவே இல்லையே.”

“பொறக்கலைன்னா என்ன, கூப்பிடலாம்ல.”

பழைய கட்டி, கெட்டுவிட்டது என்று சொன்னால் நம்பியிருப்பார். அப்படிச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

“சார், இந்தக் கட்டியைப் பிடிச்சது நான்தான். தண்ணி சரியா கொதிச்சுதான்னு கேக்காம ஊத்திட்டேன். பாட்டு இருக்காது. என் தப்பு.”

அவர் எழுந்து கட்டியின் அருகே வந்தார். “கொஞ்சங்கூட இருக்காதாம்மா?”

“ஓரம் மட்டும்தான் தெளிவா உறைஞ்சிருக்கும். பாட்டுக்கு முன்னாடி வர்ற இருமல், பேச்செல்லாம் அங்கதான் படியும். அதனால ஒரு விரல்கடை சீவிடுவோம்…” என்று ஓரத்தைத் தொட்டுக் காட்டியவள் நிறுத்தினேன். கத்தி பட்ட ஓரம் வழவழவென்று இருக்கும். இது சொரசொரவென்று, தொட்டியின் தடத்தோடு இருந்தது.

“இருங்க,” என்றேன். சுடுகம்பியை ஓரத்தில் வைத்தேன்.

முதலில் நாற்காலி இழுபடும் சத்தம். பிறகு ஒரு பெண்.

“தள்ளி நில்லுங்க. நீங்க மூச்சு விட்டா பஸ்ஸுக்கு பிரேக் போட்ட மாதிரி இருக்கு.”

“சரி, விடல.” அது டிரைவரின் குரல், ஆறு வயது குறைவாக.

“உதைக்கிறா பாருங்க. பாட விடமாட்டா போல.”

“பொண்ணுன்னு எப்படிச் சொல்ற?”

“அந்த அதிகாரத்தைப் பாருங்க. அப்படியே உங்க அக்கா. ஏய் வாலு, அம்மா பாடி முடிக்கிற வரைக்கும் சும்மா இருடி கண்ணு.”

ஒரு சிரிப்பு. தொண்டையைச் செருமும் ஒலி. பாட்டின் முதல் சொல் எழுந்து, வெள்ளையில் இரைச்சலாகிக் கரைந்தது.

“கூப்பிட்டாங்க,” என்றாள் மகள். “நான் சொன்னேன்ல.”

டிரைவர் சட்டைக் கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். “பாட்டு போனா போகுதும்மா. வீட்டுல ஓயாம பாடுவா, எனக்கே மனப்பாடம். இந்தப் பேச்சுதான் மறந்தே போச்சு.”

இரைச்சல் தீரும்வரை அந்தப் பாட்டை அவரே பாடினார். சுருதி எங்கெங்கோ போனது. மகள் நடுவில் ஒரு தடவை, “அத்தை உதைப்பாங்களா?” என்று கேட்டாள். அவர் நிறுத்தாமல் தலையை மட்டும் ஆட்டினார். கிளம்பும்போது என்னைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டார். அந்தக் கும்பிடு எனக்கு உரியதில்லை.

சீவும் அறைக்குப் போனேன். ஓரம் சீவுகிறவரை நாங்கள் உம்மணா அண்ணன் என்போம். பேசினால் முத்து உதிர்ந்துவிடும் என்பதுபோல் இருப்பார்.

“அண்ணா, அந்தக் கட்டியை ஏன் சீவல?”

எந்தக் கட்டி என்று அவர் கேட்கவில்லை. கத்தியைத் தீட்டிக்கொண்டே சொன்னார். “நடு வெள்ளையா இருந்துச்சு. திரும்ப வந்து பாடச் சொல்ல அவங்க வீட்டுக்குப் போனேன். ஆஸ்பத்திரிக்குப் போயிருக்காங்கன்னு சொன்னாங்க. மறுநாளும் போனேன். வாசல்ல சாவுப் பந்தல்.” கத்தியைத் திருப்பி மறுபக்கம் தீட்டினார். “வந்து கத்தியை எடுத்தேன். கை வரல.”

“எங்கிட்ட சொல்லியிருக்கலாமே.”

“சொல்லியிருந்தா அன்னிக்கே மூட்டையைக் கட்டியிருப்ப.”

உண்மைதான். கட்டியிருப்பேன்.

“ரொம்ப நன்றிண்ணா,” என்றேன்.

“போய்த் தண்ணி வாங்கு. பாடுறவங்க வந்தாச்சு.”

அடுப்படிக்குப் போய், சீவும் அறைவரை கேட்கும்படி “ரெண்டாம் கொதியா?” என்றேன்.

அடுப்படி ஆள் திரும்பிப் பார்த்தார். “எனக்குக் காது நல்லாத்தாம்மா இருக்கு. ரெண்டாம் கொதிதான்.”