இரண்டு கொய்யா

ஓசூரில் ஒரு ஊசி ரத்தத்தின் விலை இரண்டு கொய்யாப்பழம். அந்த விலையை வைத்தவள் ஹமீதுன்னிசா. அன்று விடியலில் மாரடைப்பில் போய்விட்டாள். பழத்தை அவளுக்கு விற்றுவந்த தம்பி உஸ்மான், வாசலில் ஜெனரேட்டர்காரனோடு வாதாடிக்கொண்டிருந்தான்.

மழையில் டிரான்ஸ்பார்மர் வெடித்துத் தெருவில் கரண்ட் இல்லை. முகூர்த்த நாள் வேறு. ஊரிலிருந்த ஜெனரேட்டர்கள் எல்லாம் கல்யாண மண்டபங்களில். கிடைத்தது ஒரு சின்னது.

"ஒரு பெட்டிதான் இழுக்கும் பாய். ரெண்டு சொருகுனா ரெண்டும் போச்சு," என்றான் ஜெனரேட்டர்கார முனிவேல்.

பெட்டிகள் இரண்டு. ஒன்று, மகள் இரம் டெல்லியிலிருந்து வரும்வரை அக்காவைக் கிடத்த வந்த வாடகைக் கண்ணாடிக் குளிர்ப்பெட்டி. இன்னொன்று பின்னறையில் அக்காவின் ஃப்ரீசர். அதற்குள் குழாய் குழாயாக ரத்தம்.

உயிர்வேதியியல் பேராசிரியர் வேலையிலிருந்து ஓய்வு பெற்றபின் மூன்று வருடம், இரும்பு உருக்கும் வார்ப்படத் தொழிலாளிகளிடம் அவள் அதைத்தான் சேர்த்தாள். "இரும்புக்கு மட்டுமா துரு? அனல்ல நிக்கிற உங்களுக்கும் பிடிக்கும்," என்பாள் அவர்களிடம். அந்தத் துருவைத் தடுக்க தினம் ஒரு கொய்யா போதுமா, வைட்டமின் மாத்திரை வேண்டுமா என்பது அவள் கேள்வி. மாத்திரைக் கம்பெனிக்காரர்கள் சும்மா தர வந்தபோது, டீ கொடுத்து அனுப்பிவிட்டுக் கடையில் காசுக்கு வாங்கினாள். உஸ்மான் பழத்தைச் சும்மா தருகிறேன் என்றதற்கும் அதே பதில்தான்.

"ஓசியில வந்தது நல்லதாத்தான் பேசும்டா. விலையச் சொல்லு."

பிறகு பேரம் பேசி அவனை அழவைப்பாள். சந்தையில் அவனை அப்படி மடக்க இன்னொருவர் பிறக்கவில்லை.

குழாய்கள் மறுநாள் பெங்களூர் ஆய்வகத்துக்குப் போக வேண்டியவை. உருகினால் மூன்று வருடமும் சாக்கடைக்கு.

ஜமாத்திலிருந்து வந்த அப்துல் சலாம், சாயங்காலம் அசர் தொழுகையோடே அடக்கிவிடலாம் என்றார். பெற்ற மகள் முகம் பார்க்காமலா என்று உஸ்மான் அவரை முறைத்தான். இரமைப் போனில் பிடித்து, சரக்கு நிலவரம் சொல்வதுபோல் ஒப்பித்தான். விமான நிலைய அறிவிப்புக்கு நடுவே அவள் குரல் வந்தது.

"அம்மாவக் கேட்டா என்ன சொல்லிருப்பாங்க மாமா?"

"உனக்கே தெரியும்."

"அப்ப பின்னறையிலயே சொருகுங்க."

அசர் தொழுகை முடிந்து அடக்கினார்கள். ஷிப்ட் விட்டு கம்பெனி உடுப்போடு வந்தவர்கள் சந்தூக்குப் பெட்டியைத் தோள் மாற்றித் தூக்கினார்கள். தூக்கிய கைகளில் பாதிக்குமேல் அவள் ஊசி குத்திய கைகள்.

இருட்டியபின் இரம் வந்தாள். கூடம் கழுவிக் காய்ந்திருந்தது. நேரே பின்னறைக்குப் போய் ஃப்ரீசரைத் திறந்தாள். குளிர்ப்புகை முகத்தில் அடித்தது. அம்மாவின் கையெழுத்து ஒட்டிய குழாய்களை விரலால் தொட்டுத் தொட்டு எண்ணி, மூடினாள்.

"எல்லாம் இருக்கு மாமா. ஒண்ணும் உருகல."

விலை பேசியே பிழைத்த உஸ்மான் கூடையிலிருந்து இரண்டு கொய்யா எடுத்து அவளிடம் நீட்டினான். அவள் ஒன்றைக் கடித்தாள்.

குழாய்க் கணக்கு நேர். ஃப்ரீசர் மேல் அம்மா பங்குக்கு ஒரு கொய்யா மட்டும் மிச்சம்.