தலைகீழாக நிற்கும் நான்கு புத்தகங்கள்

1

இதைக் கழிவுப் பட்டியலின் பின்பக்கத்தில் எழுதிக்கொண்டிருக்கிறேன். அழகுக்காகச் சொல்லவில்லை, மேஜையில் வேறு தாள் இல்லை. முன்பக்கத்தில், நூலகத்திலிருந்து அகற்ற வேண்டிய புத்தகங்களின் பெயர்கள் என் கையெழுத்தில் இருக்கின்றன. நான்கு மணிக்குக் காகித ஆலை வண்டி வரும். அதற்கு முன் நூலகர் சார் சாப்பிட்டுவிட்டு வந்து கையெழுத்துப் போடுவார். இப்போது இரண்டேகால். கை சும்மா இருந்தால் நகத்தைக் கடிக்கிறேன், அதனால் கதை எழுதுகிறேன். பெரிய எழுத்தாளர்களுக்கு மழை வேண்டும், ஜன்னல் வேண்டும். எனக்கு நான்கு மணி வண்டி போதும்.

(பட்டியல் எழுதும் படிவத் தாள்களில் வரிசை எண் அச்சிட்டிருக்கிறது. ஒன்று குறைந்தாலும் விளக்கக் கடிதம் கொடுக்க வேண்டும். இது பாதிப் பத்தி எழுதிய பிறகுதான் ஞாபகம் வந்தது. அதாவது, பட்டியலைக் கொடுத்தால் கதையையும் கொடுத்தாக வேண்டும்.)

2

தொடக்கம் ஒன்று: "காலை வெயில் அலமாரிகளின் மேல் பொன்னாக இறங்கியபோது, அம்மா துடைப்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டு ஒரு புத்தகத்தை எடுத்து"

நிறுத்திவிட்டேன். என் அம்மா இங்கே வேலை செய்யவில்லை. தையல் கம்பெனியில் காஜா எடுக்கிறாள், வீட்டுக்கு வந்தால் டிவி பார்க்கிறாள். அவளை இதில் நுழைத்தால் உங்களுக்குக் கண் கலங்கும். படிக்காத அம்மா, பட்டம் வாங்கிய மகள். கல்லூரி விண்ணப்பத்தில் 'பெற்றோர் கல்வித் தகுதி' என்ற கட்டத்தில் நான் போட்ட சின்னக் கோட்டைப் பார்த்து அங்கிருந்த குமாஸ்தா சிரித்தார். அந்தக் கோட்டை வைத்துப் பிழைக்க எனக்கு இஷ்டமில்லை.

தொடக்கம் இரண்டு: "சின்ன வயதிலிருந்தே எனக்குப் புத்தகம் என்றால் உயிர்."

பொய். கைடு படித்துத்தான் நூலக அறிவியல் பட்டம் வாங்கினேன். தேர்வுக்கு முந்தின வாரம் மாத்திரை மாதிரி விழுங்குவதற்குப் பெயர்தான் எங்கள் வீட்டில் படிப்பு. 'உனக்குப் பிடித்ததைப் படி' என்று சொல்ல வீட்டில் ஆளும் இல்லை, நேரமும் இல்லை. இந்த ஒப்பந்த வேலைக்கு வந்து எட்டு மாதம். ஆயிரக்கணக்கான புத்தகங்களின் முதுகைப் பார்த்திருக்கிறேன். எதன் முகத்தையும் பார்த்ததில்லை.

தொடக்கம் மூன்று: நான்கு புத்தகங்கள் தலைகீழாக நின்றன.

இது சரி. இதையே வைத்துக்கொள்கிறேன்.

3

ஒன்று நாவல் வரிசையில். ஒன்று கவிதை. ஒன்று வாழ்க்கை வரலாறு. ஒன்று சிறுவர் பகுதியில் கீழ்த்தட்டு, பக்கத்துக்குப் பக்கம் படம் போட்ட தகவல் நூல். நான்கிலும் இன்னொரு கோளாறு. எங்கள் புத்தகங்களின் பின்னட்டையில் ஒரு உறை ஒட்டியிருக்கும், அதற்குள் இரவல் அட்டை இருக்கும். இந்த நான்கிலும் அட்டை உறைக்குள் இல்லை, நடுப் பக்கத்தில் எங்கேயோ கிடந்தது.

நிமிர்த்தி வைத்தேன். அட்டையை உறைக்குள் போட்டேன். மறுநாள் காலை மறுபடி தலைகீழ். மறுபடி நிமிர்த்தினேன். இப்படி ஒரு வாரத்துக்கு மேல். யாரோ என்னைச் சீண்டுகிறார்கள் என்று நினைத்தேன். சார் வேறு, அலமாரியைக் கலைப்பது யாரென்று கண்டுபிடி, ஆளை மாற்றச் சொல்கிறேன் என்றார். என் ஒப்பந்தம் அடுத்த மாதம் முடிகிறது, நீட்டிப்புக் கடிதத்தில் கையெழுத்துப் போட வேண்டியவர் அவர்தான் என்பதால் வேகமாகத் தலையாட்டினேன்.

அதே வாரம்தான் கழிவுப் பட்டியல் வேலையும் வந்தது. விதி எளிது: ஐந்து வருடம் யாரும் இரவல் எடுக்காத புத்தகம் போக வேண்டும். நான்கு புத்தகங்களின் தேதிச் சீட்டையும் பார்த்தேன். பல வருடமாக ஒரு முத்திரைகூட இல்லை. சனியன் விட்டது என்று நான்கையும் பட்டியலில் ஏற்றினேன்.

ஏற்றிய மறுநாள் ஒரு மணி நேரம் முன்னதாக வந்தேன். அலமாரிகளுக்கு நடுவில் அக்கா நின்றுகொண்டிருந்தார்.

4

அக்கா யார்?

[இங்கே ஒரு வரி எழுதி, படிக்க முடியாதபடி அடித்திருக்கிறேன்.]

திறப்பதற்கு முன் கட்டடத்துக்குள் வர உரிமையுள்ள, ஆனால் உள்ளே தனக்கென்று ஒரு நாற்காலிகூட இல்லாத ஒருவர். காவலாளி, பெருக்குகிறவர், தண்ணீர்க் கேன் போடுகிறவர், கழிவறை கழுவுகிறவர், நான் என்று அப்படி ஐந்து பேர் இருக்கிறோம். யாரை வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளுங்கள். உயரம் என்று வைத்துக்கொள்ளுங்கள், அல்லது குட்டை. 'அக்கா' என்பதுகூட நான் வைத்ததுதான், அண்ணனாகவும் இருக்கலாம்.*

* பாத்திரத்தை ஏன் இப்படி அரைகுறையாக விடுகிறாள் என்று விமர்சகர் கேட்டால், முதலில் சாரிடம் போய் அனுமதி வாங்கி வரச் சொல்லுங்கள்.

அவர் என்னைப் பார்த்துப் பயப்படவில்லை. எரிச்சலோடு பார்த்தார்.

"நீதானா அந்த அட்டைய எடுத்து எடுத்து வச்சது?"

அட்டை உறைக்குள்தான் இருக்க வேண்டும் என்று அதிகாரி குரலில் சொன்னேன். எனக்கு அப்படி ஒரு குரல் இருப்பது அன்றைக்குத்தான் தெரிந்தது.

"உறைக்குள்ள இருந்தா, நான் எதுவரைக்கும் வந்திருக்கேன்னு எனக்கு எப்படிம்மா தெரியும்?"

தினமும் வேலைக்கு நடுவில் புத்தகத்துக்கு ஒரு பக்கம், நின்றபடியே படிப்பது. இத்தனை புத்தகத்துக்கு நடுவில் எங்கே விட்டோம் என்று தேட நேரமில்லை என்பதால் தலைகீழாக நிறுத்துவது. துண்டுச் சீட்டு வைத்தால் குப்பை என்று யாராவது எடுத்துவிடுவார்கள் என்பதால் புத்தகத்தின் சொந்த அட்டையையே வைப்பது. நான் ஒழுங்கு என்ற பெயரில் தினமும் ஒரு மனுஷியை முதல் பக்கத்துக்குத் துரத்தியிருக்கிறேன்.

("மனுஷி" என்று எழுதிவிட்டேன். மனிதர்.)

5

மணி மூன்று. சார் இன்னும் வரவில்லை. பட்டியலில் ஏற்றியதை அக்காவிடம் உடனே சொன்னேனா என்று கேட்கிறீர்கள். சொல்லவில்லை. அன்றைக்கும் சொல்லவில்லை, அடுத்த நாளும் சொல்லவில்லை. அதற்குப் பதிலாக நான்கையும் படிக்க ஆரம்பித்தேன். பயத்தில் படித்தேன் என்பதுதான் உண்மை. கொலை செய்யப்போகிறவன் ஆளின் பெயரைக் கேட்டுவைப்பது மாதிரி.

நாவலில் முதல் பதினாறு பக்கம் இல்லை. அடுத்தவருடைய பெட்டியோடு ஒரு பெண் ரயில் மேடையில் உட்கார்ந்திருக்கிறாள். பெட்டி எப்படி அவள் கைக்கு வந்தது என்பது போன பக்கங்களோடு போய்விட்டது. அவள் பூட்டில் கை வைக்கும் பக்கத்தில் அக்காவின் அட்டை நின்றது. நான் தாண்டிப் படித்துவிட்டேன். சொல்லிவிடாதே என்று அக்கா காதைப் பொத்திக்கொண்டார்.

வாழ்க்கை வரலாறு, கலங்கரை விளக்கங்கள் கட்டிய ஒருவருடையது. அக்கா அவருடைய பிறப்பு, பள்ளி, திருமணம் எல்லாவற்றையும் தள்ளிவிட்டு நாற்பதாவது வயதிலிருந்து தொடங்கியிருந்தார். அதற்கு முன்னால் எல்லோரும்தான் ஓடுவார்கள், அப்புறம் என்ன செய்தார் என்றுதான் தெரிய வேண்டுமாம்.

கவிதைப் புத்தகத்தில் அட்டை நகரவே இல்லை. பூட்டிய வீட்டின் அழைப்பு மணியை யாரோ அழுத்துவதைப் பற்றி ஆறு வரி. நான் நான்கு தடவை படித்தும் என்ன ஆச்சு என்று தெரியவில்லை. அக்காவுக்கும் அப்படித்தான் போல என்று ஒரு அல்ப சந்தோஷத்தோடு கேட்டேன்.

"புரியலையாக்கா?"

"புரிஞ்சிடுச்சு. அதான் திருப்பல."

பட்டம் என்னிடம் இருக்கிறது.

சிறுவர் நூலில், இரும்பு ஆணி மூழ்குகிறது, இரும்புக் கப்பல் ஏன் மிதக்கிறது என்ற பக்கம். அதைப் பார்த்துவிட்டு அக்கா என்னிடம் கேட்டார். எனக்கும் தெரியாது. பதினைந்து வருடம் படித்தவளுக்குத் தெரியாது. இரண்டு பேரும் அலமாரிகளுக்கு நடுவில் குந்தி உட்கார்ந்து படத்தைப் பார்த்தோம். "இதெல்லாம் நம்மகிட்ட ஏம்மா யாரும் சொல்லல?" என்றார். எனக்குக் கோபத்தில் காது சுட்டது. யார் மேல் கோபம் என்று எழுத இந்தத் தாளில் இடம் போதாது.

6

முடிவுகள்.

அ) தேதி முத்திரையைப் பழைய தேதிக்குத் திருப்பி நான்கு சீட்டிலும் குத்துகிறேன். (சார் இரவல் பதிவேட்டோடு ஒத்துப்பார்ப்பார். இன்றே மாட்டுவேன்.)

ஆ) புத்தகங்களைப் பையில் போட்டு அக்காவிடம் கொடுக்கிறேன். (இன்று காலைதான் எல்லாவற்றையும் சொன்னேன். திட்டுவார் என்று நினைத்தேன். வீட்டுக்கு வேண்டாம் என்றார். வீட்டில் ஒரு பக்கம் படிக்க விட மாட்டார்கள், ஒரு வாரத்தில் எடைக்குப் போட்டுவிடுவார்கள். "அது அங்க நிக்கணும். நான் போய்ப் பாத்துக்கறேன்.")

இ) படிவத்தில் கடைசிக் கட்டம் ஒன்று உண்டு: 'நூலகத்துக்குள்ளேயே பயன்பாட்டில் இருந்தால், பயன்படுத்துபவர் பெயரும் எண்ணும்'. அதில் அக்காவின் பெயரை எழுதுகிறேன். புத்தகம் பிழைக்கும். அக்கா போவார். வேலை நேரத்தில் செய்தித்தாள் புரட்டிய ஒருவரைப் போன வருடம் மறுநாளே அனுப்பினார்கள். இதைச் சொன்னபோது அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார். "என் பேரு மட்டும் வேணாம்மா."

ஈ) எதுவும் எழுதாமல் கட்டத்தில் ஒரு சின்னக் கோடு

இல்லை. அந்தக் கோட்டை ஒரு தடவை போட்டாயிற்று.

7

மூன்று ஐம்பது. கீழே வண்டி பின்னால் வருகிற சத்தம். படியில் சாரின் செருப்பு.

தாளைத் திருப்பி நான்கு வரிக்கும் நேரே கடைசிக் கட்டத்தில் என் பெயரை எழுதினேன். பணியாளர் எண்ணையும் எழுதினேன். அவசரத்தில் ஓர் எண் அசிங்கமாக விழுந்தது. பொய் இல்லை, நான்கையும் படித்துக்கொண்டிருக்கிறேன், வேலை நேரத்தில்தான். நீட்டிப்புக் கடிதம் என்ன ஆகும் என்று தெரியவில்லை. அம்மாவிடம் என்ன சொல்வது என்றும் தெரியவில்லை.

சார், நீங்கள் பின்பக்கத்தையும் பார்ப்பீர்கள். பட்டியலில் எழுதியிருப்பது உண்மை. இந்தப் பக்கம் கதை. கதையில் வரும் அக்கா கற்பனை. அலமாரியைக் கலைத்தது நான்.

(கதை படிக்கிற மற்றவர்களுக்கு: சார் நம்பினால் போதும்.)

வண்டியில் நான்கு புத்தகமும் ஏறியதா, இல்லையா என்பதை நான் எழுத முடியாது. தாள் இன்னும் சில நொடிகளில் என் கையை விட்டுப் போகிறது. அவர் மேஜையில் இதைத் தலைகீழாக வைக்கப்போகிறேன். உங்கள் கைக்கும் அப்படியே வந்தால், தயவுசெய்து நிமிர்த்தி அடுக்கிவிடாதீர்கள். பெட்டியின் பூட்டில் கை வைத்தபடி ஒருவர் அங்கே நிற்